ஃபிஷ் பிளேட்டைக் கழற்றினால் போதாதா?

கேள்வி

ஜோலார்பேட்டையிலிருந்து எழுதுகிறேன். அரசுப் பள்ளி ஆசிரியை. என் அப்பா கேங்மேனாகச் சேர்ந்து மேஸ்திரியாக ஓய்வு பெற்றவர். எங்கள் வீட்டில் ரயில் பேச்சு இல்லாத நாளே கிடையாது. போன வாரம் வடகொரியத் தலைவர் கவச ரயிலில் வெளிநாடு போன பழைய செய்திப் படம் ஒன்றைப் பார்த்துவிட்டு, ஒன்பதாவது படிக்கும் என் மகன் கேட்டான்: "அந்தக் காலத்துல ரயிலுக்கு இரும்புக் கவசம் போட்டு, பீரங்கி வெச்சு சண்டைக்கே கொண்டுபோனாங்களாமே. எதிரி நாலு போல்ட்டைக் கழட்டி ஒரு ஃபிஷ் பிளேட்டை எடுத்துட்டா முடிஞ்சுதே! இது தெரியாமலா செஞ்சாங்க?" அவன் தாத்தா, "சரியாத்தான்டா கேக்கற" என்று மட்டும் சொல்லிவிட்டுப் பேப்பரைப் புரட்டினார். எனக்குப் பதில் தெரியவில்லை. கவச ரயிலால் உண்மையில் பயன் இருந்ததா? யார், எங்கே ஓட்டினார்கள்? ஏன் மறைந்தது? மகனுக்குப் புரியும்படி சொன்னால் உதவியாக இருக்கும்.

ஒரு வாசகி, ஜோலார்பேட்டை

பதில்

அன்புள்ள சகோதரிக்கு,

நான் முப்பத்திரண்டு வருஷம் பாதைப் பிரிவில் இருந்தவன். ஐப்பசி கார்த்திகையில் ராத்திரி ரோந்து போகும் கேங்மேனோடு கைவிளக்கைப் பிடித்துக்கொண்டு கட்டை கட்டையாக நடந்திருக்கிறேன். எங்கோ ஒரு ஜாயின்ட் தளர்ந்திருக்குமோ என்ற நினைப்பிலேயே தூக்கம் கெட்ட இரவுகள் உண்டு. அதனால், ரயிலைப் போர்க்களத்துக்கு ஓட்டியவர்களைப் பற்றி முதன்முதலில் படித்தபோது எனக்கும் உங்கள் மகனுக்கு வந்த அதே சந்தேகம்தான் வந்தது. பிறகு படிக்கப் படிக்கத் தெரிந்தது, அவர்களுக்கும் இது நன்றாகத் தெரியும் என்று. தெரிந்துதான், ரயிலின் இரண்டு முனையிலும் தண்டவாளமும் ஸ்லீப்பர் கட்டையும் ஏற்றிய திறந்த வண்டிகளைக் கோர்த்து, உங்கள் அப்பாவைப் போன்ற ஆட்களையும் ஏற்றிக்கொண்டு போனார்கள். அந்த ஆட்கள் இறங்கி வேலை செய்ய முடிந்த வரைக்கும் கவச ரயில் ஓடியது. முடியாமல் போன இடத்தில் நின்றது. இவ்வளவுதான் என் பதில். இனி சொல்லப்போவதெல்லாம் அதற்கான சாட்சி.

அதற்கு முன் தொழில் சம்பந்தமாக ஒரு சின்னத் திருத்தம். இரண்டு தண்டவாளங்களை இணைக்கும் ஃபிஷ் பிளேட்டை எடுத்தால் மட்டும் போதாது, தம்பி. தண்டவாளத்தைக் கட்டையோடு பிடித்திருக்கும் ஆணிகள் சரியாக இருந்தால், மெதுவாக வரும் வண்டி அந்த ஜாயின்ட்டைத் தாண்டிப் போய்விடக்கூடும். தண்டவாளத்தையே நகர்த்த வேண்டும், அல்லது வளைவில் பாரமான எதையாவது போட வேண்டும். வண்டியும் வேகமாக வந்து மோத வேண்டும். வேகம்தான் இதில் பாதிச் சங்கதி. இதை 1899ல் தென்னாப்பிரிக்காவின் போயர் குடியானவர்கள் அழகாகக் கணக்குப் போட்டுச் செய்தார்கள்.

அந்த வருஷம் நவம்பர் 15. பிரிட்டிஷாருக்கும் போயர்களுக்கும் போர் தொடங்கி ஒரு மாதம் ஆகியிருந்தது. லேடிஸ்மித் நகரம் முற்றுகையில் கிடந்தது. அதற்குத் தெற்கே எஸ்ட்கோர்ட்டில் முகாமிட்டிருந்த பிரிட்டிஷ் படை, எதிரி எங்கே இருக்கிறான் என்று பார்த்துவர விடியற்காலையில் ஒரு கவச ரயிலை அனுப்பியது. நம் பழைய மீட்டர் கேஜைவிடச் சற்றே அகலமான, 1067 மில்லிமீட்டர் பாதை. இஞ்சின் நடுவில். முன்னால் ஒரு திறந்த வண்டியில் கப்பற்படையின் சிறிய, பழைய பீரங்கி ஒன்று. முன்னும் பின்னும் பாய்லர் தகடு அடித்த வேகன்கள். அவற்றுக்குக் கூரை கிடையாது. உள்ளே இருப்பவர்கள் சுவரில் வெட்டிய ஓட்டை வழியாகச் சுட வேண்டும், வெளியே வர வேண்டுமென்றால் சுவரேறிக் குதிக்க வேண்டும். கடைசியில் பாதை பழுதுபார்க்கும் சாமான்களோடு ஒரு வண்டி, அதற்கென ஒரு சிறு கேங். மொத்தம் சுமார் 120 பேர், கேப்டன் ஹால்டேன் தலைமையில். கூடவே ஒரு பத்திரிகை நிருபர், வயது 24. பெயர் வின்ஸ்டன் சர்ச்சில்.

ரயில் ஃப்ரியர் ஸ்டேஷனைத் தாண்டி சீவ்லி வரை போனது. தொலைவில் குதிரைவீரர்கள் தெரிந்தார்கள். திரும்பி வரச் சொல்லித் தந்தி வந்தது. திரும்பினார்கள். போகும்போது போயர்கள் ஒரு குண்டுகூடச் சுடவில்லை. ரயில் போன பாதையிலேதானே திரும்பி வந்தாக வேண்டும்! அது கடந்து போன பிறகு, ஒரு குன்றின் அடிவாரத்தில், இறக்கம் முடிந்து பாதை வளையும் இடத்தில் கற்களைப் போட்டுவிட்டுக் காத்திருந்தார்கள். ரயில் இறக்கத்துக்கு வந்ததும் குன்றின் மேலிருந்து பீரங்கியால் அடித்தார்கள். இஞ்சின் டிரைவர் என்ன செய்வார்? தப்பிக்க ஸ்டீமைக் கூட்டினார். அந்த வேகத்தோடு வளைவில் போய் மோதினார்கள். திரும்பும் பயணத்தில் முன்னால் இருந்தது எது தெரியுமா? பழுதுபார்க்கும் சாமான் வண்டிதான். அது முதலில் தூக்கியெறியப்பட்டது. அடுத்த வேகன் கவிழ்ந்தது, அதற்கடுத்தது பாதி தடத்திலும் பாதி வெளியிலுமாகக் குறுக்கே நின்றது. பாதையைச் சரிசெய்ய வேண்டிய ஆட்களும் கருவிகளும் முதல் அடியிலேயே போனார்கள். நம் ஆட்கள் யார் படித்தாலும் இந்த இடத்தில்தான் நெஞ்சு பதறும்.

இஞ்சின் மட்டும் தடத்தில் நின்றது. சர்ச்சில் இறங்கிப்போய், குறுக்கே நின்ற வேகனை இஞ்சினால் இடித்து இடித்து ஒதுக்கும் வேலையைப் பார்த்தார். ஒரு மணி நேரத்துக்கும் மேலாக, குண்டு மழைக்கு நடுவில். டிரைவர் சார்ல்ஸ் வாக்னருக்குத் தலையில் சில்லு பட்டு முகமெல்லாம் ரத்தம். ஆனாலும் இஞ்சினைவிட்டு இறங்காமல் நின்றார். கடைசியில் இஞ்சின் வழியை உண்டாக்கிக்கொண்டு, காயம்பட்டவர்களைச் சுமந்து தப்பியது. பின்னால் நின்ற வேகன்களை இழுத்துவர முடியவில்லை. சர்ச்சிலும் ஹால்டேனும் இன்னும் பலரும் பிடிபட்டார்கள். சர்ச்சில் பிரிட்டோரியா சிறையிலிருந்து தப்பியதும் அந்தக் கதையாலேயே புகழ்பெற்றதும் எல்லோருக்கும் தெரியும். நான் உங்கள் அப்பாவுக்குச் சொல்ல விரும்புவது வேறொன்று: பத்து வருஷம் கழித்து, 1910ல், சர்ச்சில் உள்துறை அமைச்சராக இருந்தபோது, டிரைவர் வாக்னருக்கும் ஃபயர்மேன் அலெக்சாண்டர் ஸ்டூவர்ட்டுக்கும் ஆல்பர்ட் பதக்கம் கிடைத்தது. தாமதமாக வந்த மரியாதை. ஆனால் வந்தது.

அந்த சீவ்லிக்கு நம்மோடும் ஒரு சம்பந்தம் உண்டு. ரயில் கவிழ்ந்து சரியாக ஒரு மாதம் கழித்து, டிசம்பர் 15ல், பக்கத்திலேயே கொலென்சோவில் பெரிய சண்டை நடந்தது. அங்கே அடிபட்டவர்களை டோலியில் தூக்கி சீவ்லி ரயிலடிவரை கொண்டுவந்தவர்களில் காந்தி திரட்டிய இந்திய ஆம்புலன்ஸ் படையினர் இருந்தார்கள். சுமார் 1,100 பேர் கொண்ட அந்தப் படையில் பெரும்பாலோர் ஒப்பந்தக் கூலிகள். அந்தப் பகுதியான நேட்டாலுக்குப் போன ஒப்பந்தக் கூலிகளில் பெரும்பகுதி சென்னைத் துறைமுகத்தில் கப்பலேறியவர்கள். அந்தத் தோள்களில் எத்தனை ஆற்காட்டுத் தோள்களோ, எத்தனை செங்கற்பட்டுத் தோள்களோ. பெயர்கள் பெரும்பாலும் நமக்குக் கிடைக்கவில்லை.

சரி, இப்படித் தோற்ற பிறகு பிரிட்டிஷார் கவச ரயிலைக் கைவிட்டார்களா? இல்லை, இன்னும் கட்டினார்கள். போர் முடிவதற்குள் இருபது அளவுக்கு ஓடின. ரயில்வேக்கு இயக்குநராக இருந்த பெர்சி ஜிருவா என்ற கனடாக்காரர் ஒரு முக்கியமான காரியம் செய்தார். கவச ரயிலின் தளபதிகள் தம் இஷ்டத்துக்கு லைனில் நிற்பதும் ஓடுவதும் மற்ற வண்டிகளையெல்லாம் முடக்கிக்கொண்டிருந்தன. அவர்களை ரயில்வேயின் ஒழுங்குக்குள் கொண்டுவந்தார். இனி கவச ரயில் தனியாகப் போகாது. பக்கவாட்டில் குதிரைப்படை வரும். பாதை நெடுகக் கட்டிய சிறு காவல் கோட்டைகளிலிருந்து தகவல் வரும். முன்னால் ஒரு திறந்த வண்டியைத் தள்ளிக்கொண்டு போவார்கள். கண்ணிவெடி இருந்தால் அது வாங்கிக்கொள்ளும், இஞ்சின் பிழைக்கும். சீவ்லியில் நடந்த தப்பு ஒன்றே ஒன்று: ரயிலைக் கண் இல்லாமல் அனுப்பினார்கள். பக்கத்தில் பத்து குதிரைக்காரர்கள் போயிருந்தால் அந்தக் கற்கள் தெரிந்திருக்கும்.

இருந்தாலும், இவ்வளவு சிரமப்பட்டு ரயிலையே ஏன் கட்டிக்கொண்டு அழ வேண்டும்? உங்கள் மகன் இன்றைய ரோடுகளை மனசில் வைத்துக்கொண்டு யோசிக்கிறான். நூறு வருஷத்துக்கு முன்னால் ருஷ்யாவில் பனி உருகும் காலத்தில் ரோடு என்பதே சேறு. லாரிகள் குறைவு, அவையும் நம்ப முடியாதவை. பீரங்கியைக் குதிரை இழுக்கும். அப்படிப்பட்ட தேசத்தில் நூறு நூற்றைம்பது பேரையும், பீரங்கிகளையும், அவற்றுக்கான குண்டுகளையும், சூடான சாப்பாட்டையும் ஒரே ராத்திரியில் நூறு கிலோமீட்டர் தள்ளிக் கொண்டுபோய் இறக்க ஒரே ஒரு வழிதான் இருந்தது. அதைவிட, சண்டையே அந்தத் தண்டவாளத்துக்காகத்தான் நடந்தது. சாப்பாடும் வெடிமருந்தும் அதன்மேல்தான் வந்தன. அதை நாசமாக்கினால், நாளைக்கு அதே வழியில் முன்னேற வேண்டிய உங்களுக்கும் அது இல்லாமல் போகும். ஆகவே பின்வாங்குகிறவன் பெயர்ப்பான், முன்னேறுகிறவன் போடுவான். இரண்டு பக்கமும் மாறி மாறி.

ருஷ்ய உள்நாட்டுப் போர்தான் கவச ரயிலின் பொற்காலம். 1918 முதல் 1920 வரை போல்ஷெவிக்குகளின் செம்படையிடம் இருந்த கவச ரயில்களின் எண்ணிக்கை சில பத்துகளிலிருந்து நூறைத் தாண்டியது. எதிர்த்தரப்பான வெண்படையிடமும் ஏராளம். செம்படையை நடத்திய ட்ராட்ஸ்கி 1918 ஆகஸ்டில் மாஸ்கோவிலிருந்து ஒரு ரயிலில் கிளம்பி, கிட்டத்தட்ட இரண்டரை வருஷம் அதிலேயே போர்முனைக்குப் போர்முனை ஓடினார். அதில் அச்சகம், தந்தி நிலையம், ரேடியோ, மின்சார ஜெனரேட்டர், நூலகம், குளியல் வண்டி எல்லாம் இருந்தன. 'வழியில்' என்று பொருள்படும் பெயரில் ஒரு செய்தித்தாள் அந்த ரயிலிலேயே அச்சாகி வந்தது. அத்தனை பாரத்தை இழுக்க இரண்டு இஞ்சின்கள் தேவைப்பட்டன.

சைபீரியாவில் நடந்தது இன்னும் வினோதம். முதல் உலகப் போர்க் கைதிகளிலிருந்தும் ருஷ்யாவில் குடியேறியவர்களிலிருந்தும் திரட்டப்பட்ட செக்கோஸ்லோவாக்கியப் படை, விளாதிவஸ்தோக் துறைமுகம் வழியாக ஊருக்குப் போக ரயில்களில் ஏறியிருந்தது. சுமார் 40,000 பேர். 1918 மே மாதத்தில் அவர்களுக்கும் போல்ஷெவிக்குகளுக்கும் உறவு முறிந்தது. சில மாதங்களில் பென்சாவிலிருந்து விளாதிவஸ்தோக் வரை ஏழாயிரம் கிலோமீட்டருக்கு மேற்பட்ட பாதை அவர்கள் கையில். நாடில்லாத ஒரு படைக்குத் தண்டவாளமே நாடாயிற்று. சரக்கு வேகன்களில் அடுப்பு வைத்துக் குடியிருந்தார்கள், ரொட்டி சுட்டார்கள், பத்திரிகை அடித்தார்கள். சிம்பிர்ஸ்க் ஊரில் அவர்கள் கையில் ஒரு அபூர்வமான வண்டி அகப்பட்டது. 1916ல் ஒதேசாவில் கட்டிய, இஞ்சினும் பீரங்கியும் ஒன்றாகவே அமைந்த கவச மோட்டார் வண்டி. பெட்ரோலில் ஓடும். சுழலும் இரண்டு கோபுரங்களில் 57 மில்லிமீட்டர் பீரங்கிகள். ஜார் காலத்தில் 'சாமுரெத்ஸ்' என்று பெயர். செக்குகள் அதற்குச் 'சின்னக் கழுகு' என்று பொருள்பட 'ஓர்லிக்' என்று பெயரிட்டார்கள். அது ஜார் படையிலிருந்து போல்ஷெவிக்குகளிடம் வந்து, செக்குகளிடம் போய், சைபீரியா முழுக்க ஓடி, பிறகு வெண்படையிடமும் சீனப் படைத்தலைவர்களிடமும் கைமாறியது. கருங்கடல் ஓரத்தில் பிறந்த வண்டி மஞ்சூரியாவரை போய்ச் சேர்ந்தது. இடையில் ஏறியவர்கள் பேசிய மொழிகளை எண்ணிப் பாருங்கள்.

ஆனால் என்னைக் கேட்டால், கவச ரயில் என்ற கருவியை மிகச் சரியாகப் புரிந்துகொண்டவர்கள் எஸ்தோனியர்கள்தான். அப்போது அந்த நாட்டில் பத்து லட்சம் சொச்சம் மக்கள். சுதந்திரத்தை அறிவித்துவிட்டார்கள். ஆனால் 1918 நவம்பர் கடைசியில் செம்படை உள்ளே வந்துவிட்டது. 1919 ஜனவரி முதல் வாரத்தில் தலைநகர் தாலினுக்குச் சுமார் 35 கிலோமீட்டர் தூரத்தில் எதிரி. கையில் போதிய எஃகு இல்லை. பலகைகளை இரட்டைச் சுவராக அடித்து நடுவில் மணலைக் கொட்டிக் கவசம் செய்தார்கள். அதில் பீரங்கியும் இயந்திரத் துப்பாக்கியும் ஏற்றினார்கள். இவற்றை உருவாக்க அரும்பாடுபட்டவர் யோஹான் பிட்கா என்ற கப்பற்காரர். முதல் ரயிலின் தளபதி கேப்டன் அன்டோன் இர்வ்.

அவர்கள் செய்த மாற்றம் எளிமையானது. ரயிலைக் கோட்டையாக நினைக்கவில்லை. ஒவ்வொரு ரயிலிலும் இறங்கித் தாக்கும் காலாட்படை ஒன்றை வைத்தார்கள். ரயில் ஊருக்கு அருகில் வந்து பீரங்கியால் அடிக்கும். அந்த நேரத்தில் வீரர்கள் இருபுறமும் இறங்கிப் பனியில் ஓடிச் சூழ்ந்துகொள்வார்கள். ஊர் விழுந்ததும் ஏறிக்கொண்டு அடுத்த ஸ்டேஷன். எதிரி பாலத்தையோ தண்டவாளத்தையோ கெடுத்திருந்தால் அதே வீரர்களின் காவலில் பாதை ஆட்கள் சரிசெய்வார்கள். ஜனவரி 7ல் எதிர்த்தாக்குதல் தொடங்கியது. 9ஆம் தேதி தாப்பா ஜங்ஷன் கைக்கு வந்தது. ஜங்ஷன் கிடைத்தால் கிழக்கேயும் போகலாம், தெற்கேயும் போகலாம் என்பது ஜோலார்பேட்டைக்காரர்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. தாப்பாவிலிருந்து தார்த்து நகரம் நூறு கிலோமீட்டருக்கு மேல். ஐந்தே நாளில், ஜனவரி 14ல், ரயில்களும் யூலியுஸ் குப்பர்யானொவின் சிறு படையும் அங்கே நுழைந்தன. குப்பர்யானொவ் போருக்கு முன் பள்ளி ஆசிரியர், உங்களைப் போல. அந்த மாதக் கடைசியிலேயே பாயு என்ற இடத்தில் குண்டடிபட்டு, இரண்டு நாளில் இறந்தார். இர்வும் அந்த ஏப்ரலில் வீழ்ந்தார். நாடு நின்றது.

இந்த ரயில்களின் அமைப்பைப் பற்றி உங்கள் அப்பா கட்டாயம் கேட்பார். இஞ்சின் எப்போதும் நடுவில். அது போனால் எல்லாம் போயிற்று. நீராவி இஞ்சினின் பாய்லரில் ஓட்டை விழுந்தால் உள்ளே இருப்பவர்கள் வெந்துபோவார்கள், ஆகவே அதற்குத்தான் முதல் கவசம். ருஷ்யர்கள் பெரிய இஞ்சினைத் தேடவில்லை. 'செம்மறிக்குட்டி' என்று செல்லமாக அழைக்கப்பட்ட ஓ வகைச் சிறிய இஞ்சினையே விரும்பினார்கள். கவசத்தைப் போட்டால் அச்சுச் சுமை ஏறும், சுமை ஏறினால் அவசரமாகச் செப்பனிட்ட பாலம் தாங்காது. சின்ன இஞ்சின் எந்தப் பாதையிலும் போகும், எந்த ஷெட்டிலும் பழுது பார்க்கலாம். இஞ்சினுக்கு இருபுறமும் பீரங்கி வேகன்கள். அவற்றுக்கும் அப்பால் இரண்டு முனையிலும் நான் முதலில் சொன்ன திறந்த வண்டிகள், தண்டவாளம், கட்டை, போல்ட், ஜாக்கி எல்லாவற்றோடும். கண்ணி வைத்திருந்தால் முதலில் விழுவது அந்த வண்டி. வேகம் குறைவாக இருந்தால் அதைக் கழற்றித் தள்ளிவிட்டு, பாதையைப் போட்டுவிட்டு, மேலே போகலாம். சில கிலோமீட்டர் பின்னால் 'தளம்' என்ற இன்னொரு ரயில் வரும். சமையல், படுக்கை, கரி, குண்டு எல்லாம் அதில். பெரிய தலைவலி தண்ணீர். ஸ்டேஷனில் தண்ணீர் ஊற்றும் குழாயை எதிரி உடைத்துவிட்டால் தண்டவாளம் முழுதாக இருந்தும் பயனில்லை. கிணற்றிலிருந்தும் ஆற்றிலிருந்தும் வாளி வாளியாக மொண்டு ஊற்றியிருக்கிறார்கள்.

இன்னொரு பலவீனம் உங்கள் மகனுக்குத் தோன்றியிருக்காது. தடம் மாற்றும் பாயிண்டைத் திருப்புகிறவன் நினைத்தால் எவ்வளவு பெரிய கவச ரயிலும் சைடிங்குக்குத்தான் போக வேண்டும். 1939 செப்டம்பர் 1. இரண்டாம் உலகப் போரின் முதல் விடியல். போலந்தில் விஸ்துலா ஆற்றின் மேல் த்செவ் பாலத்தை முழுதாகப் பிடிக்க ஜெர்மானியர் ஒரு தந்திரம் செய்தார்கள். சாதாரணச் சரக்கு ரயில் போல ஒன்றில் வீரர்களை ஒளித்து, அதன் பின்னால் கவச ரயிலை அனுப்பினார்கள். பாலத்துக்கு முந்தைய ஸ்டேஷன்களில் ஒன்று ஷிமான்கோவோ. அங்கிருந்த போலந்து ரயில்வே ஊழியர்களுக்குச் சந்தேகம் தட்டியது. பாயிண்டைத் திருப்பி ரயிலை வேறு தடத்துக்கு அனுப்பினார்கள். வானில் எச்சரிக்கை வாணம் விட்டார்கள். அந்தச் சில நிமிஷங்கள் போதுமாயின. பாலத்தை வெடிக்கச் செய்யும் கம்பிகளை ஜெர்மன் விமானங்கள் குண்டு போட்டு அறுத்திருந்தன. போலந்து வீரர்கள் அவற்றை மறுபடி இணைத்து, காலை ஆறு மணிக்கு மேல் பாலத்தைத் தகர்த்தார்கள். ஷிமான்கோவோவில் ரயில்வே ஊழியர்களும் சுங்கக்காரர்களுமாகச் சுமார் இருபது பேரை அன்றே கொன்றார்கள். கையில் லீவரும் வாணமும் தவிர வேறு ஆயுதம் இல்லாதவர்கள். இதைப் படித்த அன்று, எனக்குத் தெரிந்த பாயிண்ட்ஸ்மேன்களின் முகங்கள் ஒவ்வொன்றாக நினைவுக்கு வந்தன.

அதே நாளில் மொக்ரா என்ற கிராமத்தருகே போலந்தின் 53ஆம் எண் கவச ரயில் 'ஷ்மியவி', தன் குதிரைப்படையோடு சேர்ந்து ஜெர்மன் டாங்கிப் பிரிவை எதிர்த்து நின்று நல்ல அடி கொடுத்தது. 'ஷ்மியவி' என்றால் துணிந்தவன். அப்படியானால் கவச ரயில் டாங்கியை வென்றதா என்றால், அந்த ஒரு நாள் வென்றது என்று சொல்லலாம். வானம்தான் அதைத் தோற்கடித்தது. விமானத்திலிருந்து பார்த்தால் ரயில் ஒளிய இடமில்லாத ஒரு கோடு. முன்னும் பின்னும் ஒவ்வொரு குண்டு போட்டுத் தடத்தை அறுத்துவிட்டால் அது நடுவில் அசையாமல் நிற்கும், பிறகு நிதானமாக அடிக்கலாம். கேங் இறங்கி வேலை செய்யவும் விடமாட்டார்கள். 1941, 42ல் சோவியத் கவச ரயில்கள் பல இப்படித்தான் போயின. விதிவிலக்காகச் செவஸ்தபோலில் 'ஜெலெஸ்னியாகொவ்' என்ற ரயில் மாதக்கணக்கில் தாக்குப்பிடித்தது. மலையைக் குடைந்த சுரங்கப் பாதைகளில் பதுங்கியிருந்து, வெளியே வந்து அடித்துவிட்டு, விமானம் வருவதற்குள் உள்ளே போய்விடும். 1942 ஜூனில் குண்டுவீச்சில் அந்தச் சுரங்கமே இடிந்து மூடியது.

ஜெர்மானியர் பிடித்த பகுதிகளில் கதை தலைகீழ். அங்கே விமானமோ பீரங்கியோ இல்லாத கெரில்லாக்கள்தான் எதிரிகள். அவர்களிடமிருந்து பாதையைக் காக்க ஜெர்மானியர் கவச ரயில்களை ஓட்டினார்கள். சாய்தளம் வைத்த வண்டிகளில் டாங்கிகளை ஏற்றி, தேவைப்பட்ட இடத்தில் இறக்கிக் காட்டுக்குள் விரட்டினார்கள். கெரில்லாக்கள் என்ன செய்தார்கள்? உங்கள் மகன் சொன்னதைத்தான். 1943 ஆகஸ்ட் 3 இரவு 'தண்டவாளப் போர்' என்று பெயரிட்ட நடவடிக்கை தொடங்கியது. பேலாருஸ் முழுக்க ஒரே நேரத்தில் ஆயிரக்கணக்கான இடங்களில் தண்டவாளத்தை வெடி வைத்துத் தகர்த்தார்கள். ஒரு ஜாயின்ட்டைக் கெடுத்தால் ஒரு கேங் ஒரு மணி நேரத்தில் போட்டுவிடும். ஆயிரம் இடத்தில் கெடுத்தால் அத்தனை கேங்குக்கும் அத்தனை தண்டவாளத்துக்கும் எங்கே போவது? தம்பியின் யோசனை சரி, அளவுதான் போதாமல் இருந்தது.

இன்னும் இரண்டைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். 1944ல் நாஜிகளை எதிர்த்து ஸ்லோவாக்கியாவில் எழுச்சி வந்தபோது, ஸ்வோலென் நகர ரயில்வே பட்டறைத் தொழிலாளர்கள் சில வாரங்களில் மூன்று கவச ரயில்களைக் கட்டிக் கொடுத்தார்கள். புதிதாகக் கோபுரம் செய்ய நேரமில்லை, டாங்கிகளை அப்படியே திறந்த வேகனில் ஏற்றிச் சுற்றிலும் தகடு அடித்தார்கள். பொன்மலையிலும் பெரம்பூரிலும் பட்டறைச் சங்கு கேட்டு வளர்ந்தவர்களுக்கு அந்த அவசரமும் பெருமையும் புரியும். இரண்டாவது, மலாயா. 1948ல் தொடங்கிய நெருக்கடிநிலைக் காலத்தில், கம்யூனிஸ்ட் கெரில்லாக்கள் பாதையைக் கெடுத்துவந்ததால், இரவு மெயிலுக்கு முன்னால் கவசம் போட்ட மோட்டார் டிராலிகள் ஓடின. விக்கம் என்ற இங்கிலாந்துக் கம்பெனி செய்தவை. மலாயா ரயில்வேயில் பாதை வேலை பார்த்தவர்களில் தமிழர்கள் மிக அதிகம். ரப்பர் தோட்டங்களுக்கு நடுவே, இருட்டில், கெடுத்த பாதையை மறுபடி போட்ட கைகளில் நம் கைகள் இருந்தன. இதைப் பற்றித் தமிழில் யாராவது விரிவாக எழுத வேண்டும் என்பது என் நெடுநாள் ஆசை.

இன்றைக்கு? நீங்கள் பார்த்த வடகொரிய ரயில் போர் ரயில் அல்ல, ஒரு தலைவரின் பாதுகாப்பான வீடு. 2019ல் அதில் வியத்நாம் எல்லைவரை போக இரண்டரை நாளுக்கு மேல் ஆனது. ருஷ்யா மட்டும் பழைய வழக்கத்தை விடவில்லை. செச்னியாவில் கவச ரயில்கள் ஓடின. உக்ரைன் போரிலும் பாதையைப் பழுதுபார்க்கவும் சரக்குக்குக் காவலாகவும் ஓட்டுகிறார்கள். பீரங்கிச் சண்டைக்கென்று கிளம்பிய ரயில், கடைசியில் பாதை ஆட்களுக்குக் காவல் போகும் வண்டியாக நிற்கிறது.

உங்கள் மகனுக்கு ஒரு வேலை கொடுக்கிறேன். நம் பழைய 90 பவுண்ட் தண்டவாளம் 13 மீட்டர் நீளத்துக்குச் சுமார் 580 கிலோ வரும். மெஷின் எதுவும் இல்லாமல், கடப்பாரையும் இடுக்கியும் ஸ்பேனரும் மட்டும் வைத்து, கெட்டுப்போன ஒரு தண்டவாளத்தை எடுத்துவிட்டு இன்னொன்றைப் போட எத்தனை ஆள், எவ்வளவு நேரம் என்று தாத்தாவிடம் கேட்கச் சொல்லுங்கள். யார் எந்த முனையைத் தூக்குவார்கள், மேஸ்திரி என்ன பாட்டு எடுத்துக்கொடுப்பார், போல்ட் முடுக்குகிறவன் எங்கே குந்துவான் என்று எல்லாவற்றையும் எழுதிக்கொள்ளட்டும். எழுதி முடித்த பிறகு, அதே வேலையை ஜனவரி மாதப் பனியில், எதிர்க் காட்டிலிருந்து யாரோ சுட்டுக்கொண்டிருக்கும்போது செய்ய எவ்வளவு நேரம் ஆகும் என்று கேட்கட்டும். தாத்தா சொல்லும் பதிலை எனக்கு எழுதி அனுப்புங்கள்.